சின்ன சைஸ் மெட்டி

சோப்பு நுரையை இன்னொரு முறை விரலில் குழைத்துத் தடவிவிட்டு, மெட்டியைத் திருகிப் பார்த்தாள் ஜானகி. அது வழுக்கிக்கொண்டு வட்டமடித்ததே ஒழிய, விரல் மூட்டைத் தாண்டி நெல்முனை அளவும் நகரவில்லை. இடது கால் மெட்டி தேங்காயெண்ணெய்க்கே கழன்றுவிட்டது. வலது காலில் இருந்தது மட்டும் பிடிவாதம் பிடித்தது. கால் வேறு வீங்கியிருந்தது.

"கழண்டுச்சா?" திரைத்துணிக்கு அந்தப் பக்கமிருந்து மாமியார் கோமளம் கேட்டாள்.

"இருங்க அத்தை."

"என்னடி இரு இருன்னுட்டு. வெளிய ஏட்டு வந்து உக்காந்திருக்காரு. வாழைக்கன்னும் வந்தாச்சு. உன் மாமனாரு பேக பேக, சீக்கிரம்னு பறக்கிறாரு."

பலகையில் கிடந்தவள் சுனிதா. கோமளத்தின் ஒரே மகள், ஜானகியின் நாத்தனார், வயது இருபத்திரண்டு. நேற்று மதியம் வயிற்று வலி தாங்காமல் செத்துப்போனாள் என்பதுதான் சந்தாபுராவில் அந்தத் தெரு முழுக்கச் சொல்லப்பட்ட சேதி. தெருவும் "ஐயோ பாவம், வயித்து வலியாமே" என்று தலையாட்டியது. தலையாட்டியவர்களில் ஒருத்தராவது நம்பினாரா என்றால், மூச்! முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்க முடியாது என்று எந்தப் புண்ணியவான் சொன்னானோ. பந்தியில் உட்கார்ந்திருக்கிற அத்தனை பேரும் கண்ணை மூடிக்கொண்டால் பூசணிக்காய் பேஷாக மறையும்.

கழுத்தைச் சுற்றி ஓடிய தடத்தின் மேல் மஞ்சள் விழுதைக் கனமாகப் பூசியாகிவிட்டது. கிண்ணத்தை நீட்டியபோது கோமளம் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டுதான் நீட்டினாள். "வேற பொம்பளைங்க யாரும் உள்ள வரவேணாம், நீயே குளிப்பாட்டிடு" என்பது உத்தரவு.

வாழைக்கன்று மாமனார் கோவிந்தப்பாவின் யோசனை. கல்யாணமாகாத பெண் செத்தால் கன்னியாக அனுப்பக்கூடாது, வாழைக்கன்றை மாப்பிள்ளையாக நிறுத்தி மஞ்சள் கயிறு கட்டித்தான் பாடையில் ஏற்ற வேண்டும் என்று அவர்கள் ஜனத்தில் ஒரு வழக்கம் உண்டு. வாழைக்குக் கட்டிக் கொடுத்துவிட்டால், அதற்கு முன்னால் இவள் யாருக்கும் பெண்டாட்டி இல்லை என்று ஊர் முன்னால் ஆகிவிடும் அல்லவா? கெட்டிக்கார மனுஷன். ஆனால் அந்தக் கல்யாணப் பெண்ணின் காலில் பழைய மெட்டி இருந்தால் கதை நாறிவிடும். அதற்குத்தான் இந்தச் சோப்பு.

இந்த மெட்டியை ஜானகிக்கு ஏற்கெனவே தெரியும். கண்ணால் பார்ப்பதற்கு முன்னால் காதால் தெரியும்.

சுனிதா பீன்யாவில் ஹாஸ்டலில் தங்கி கார்மெண்ட்ஸ் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தவள். நாலு மாதத்துக்கு முன்னால், அங்கே லேத் பட்டறையில் வேலை செய்த அசோகனைக் கல்யாணம் செய்துகொண்டாள். அல்சூர்ப் பக்கத்துப் பையன். புத்தர் படத்துக்கு விளக்கேற்றுகிற வீடு. அவர்கள் என்ன ஜனம் என்பதை வாயால் சொல்லவும் கோவிந்தப்பாவுக்குக் கூசியது. "அவ செத்துட்டா" என்று அன்றே சொல்லிவிட்டார். அப்போது யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

வியாழக்கிழமை சுனிதாவுக்கு லீவு. காலை பதினோரு மணிக்குத் தெருமுனை டெலிபோன் பூத்துக்குப் போன் வரும். பால் வாங்கப் போகிற சாக்கில் ஜானகி போய் நிற்பாள். வீட்டில் யாருக்கும் தெரியாது.

"அண்ணி, மெட்டிய சின்ன சைஸா வாங்கிட்டு வந்துட்டாரு அண்ணி! அளவு கேக்கணும்னுகூடத் தெரியல, லூசு. அப்புறம் என் கால மடியில வெச்சிக்கிட்டு, சோப்பு போட்டு, வலிக்குதா வலிக்குதான்னு கேட்டுக் கேட்டு ஏத்துனாரு. இனிமே வெட்டித்தான் எடுக்கணும்."

ஜானகியும் சிரித்தாள். வீட்டுக்கு வந்து பாலை அடுப்பில் வைத்துவிட்டுத் தன் காலைப் பார்த்தாள். அவளுக்கும் மெட்டி போட்டவன் புருஷன்தான். அம்மியில் கால் வைத்த அந்த அரை நிமிஷத்தைத் தவிர இந்த ஒன்பது வருஷத்தில் நாகேஷ் அவள் காலைத் தொட்டது கிடையாது. அன்றைக்கும் போட்டோக்காரனைப் பார்த்துக்கொண்டேதான் மாட்டினான்.

அடுத்த வியாழக்கிழமை தோசை. "அவரே ஊத்தி, நீ முதல்ல சாப்புடுன்னு குடுத்தாரு அண்ணி." அதற்கடுத்து ஒரு வாரம் காய்ச்சல். "என் பாவாடையெல்லாம் அவரே தொவச்சிக் காயப்போட்டாரு. பக்கத்து வீட்டுல சிரிக்கிறாங்க, அவரு கண்டுக்கவே இல்ல."

அன்று மத்தியானம் குழம்பில் உப்பு குறைவென்று நாகேஷ் தட்டைத் தள்ளினான். சோறு தரையெல்லாம் சிதறியது. குனிந்து பருக்கை பருக்கையாகப் பொறுக்கும்போது ஜானகிக்கு வயிறு எரிந்தது. வேறு பேர் வைத்து மழுப்புவானேன், பொறாமைதான். இவளுக்கு மட்டும் என்ன? சொல் பேச்சுக் கேட்டு, காட்டினவனுக்குக் கழுத்தை நீட்டி, ஒன்பது வருஷம் வாய் திறக்காமல் இருந்தவளுக்குத் தட்டு பறக்கிறது. ஓடிப்போனவளுக்குத் தோசை வருகிறது. இதென்ன நியாயம்?

சாயங்காலம் அவளே வாய் திறந்தாள். "உங்க தங்கச்சி பீன்யாவுலதான் இருக்கா. ரெண்டாவது ஸ்டேஜு, பிள்ளையார் கோயிலுக்குப் பின்னாடி சந்து."

இழுத்துக்கொண்டு வருவார்கள், நாலு அடி போடுவார்கள், நாகேஷ் மாதிரி ஒருத்தனைப் பார்த்துக் கட்டி வைப்பார்கள், அவளும் உப்புக்கும் புளிக்கும் ஏச்சு வாங்குவாள் என்றுதான் நினைத்தாள். சத்தியமாக அவ்வளவுதான். உயிரை எடுப்பார்கள் என்று அவள் நினைக்கவில்லை.

ஆனால் யாரும் இழுத்துக்கொண்டு வரவில்லை. நாகேஷ் ஆப்பிளும் சாத்துக்குடியும் வாங்கிக்கொண்டு போய், "அம்மாவுக்கு ஒடம்பு முடியல, உன்னயே கேக்குறாங்க. ரெண்டு நாள் இருந்துட்டு வா, அப்புறம் மாப்பிள்ளைய வரச்சொல்லி ஊருக்குச் சாப்பாடு போட்டுடலாம்" என்று சொல்லி முந்தாநாள் கூட்டிவந்தான். வாசலில் செருப்பைக் கழற்றியதும் சுனிதா நேராகச் சமையலறைக்கு ஓடிவந்து ஜானகியைக் கட்டிக்கொண்டாள்.

"நீங்கதானே அண்ணி பேசி சம்மதிக்க வெச்சீங்க? எனக்குத் தெரியும். உங்கள விட்டா எனக்கு யாரு?"

ஜானகி அடுப்பைத் தணிக்கிற சாக்கில் திரும்பிக்கொண்டாள்.

நேற்று மதியம் மாமியார் கோதுமை டப்பாவைக் கையில் கொடுத்து, "உஷாவையும் கூட்டிக்கிட்டு மில்லுக்குப் போயிட்டு வா" என்றாள். உஷா ஜானகியின் மகள், ஆறு வயது. மாவு டப்பாவில் ஏற்கெனவே அரைத்தது பாதிக்கு மேல் இருந்தது. அது ஜானகிக்குத் தெரிந்தது. தெரிந்தும் போனாள். திரும்பி வந்தபோது கோமளம் வாசற்படியில் உட்கார்ந்திருந்தாள். உள்ளே ரேடியோ காது கிழியப் பாடிக்கொண்டிருந்தது.

தாலியை அறுத்துவிட்டார்கள். அவள் கைப்பையிலிருந்த கல்யாணப் போட்டோவையும் புத்த விஹாரத்தில் கல்யாணத்துக்கு எழுதிக் கொடுத்த காகிதத்தையும் வெந்நீர் அடுப்பில் போட்டுவிட்டார்கள். இன்று காலை ஜானகி அதே அடுப்பின் சாம்பலை வாரிக் கொட்டிவிட்டுத்தான் குளிப்பாட்டத் தண்ணீர் வைத்தாள்.

வெளியே சத்தம் கேட்டது. குளியலறை ஜன்னல் வழியாக ஒவ்வொரு வார்த்தையும் விழுந்தது.

"என் பொண்டாட்டி சார் அது! ரெண்டு நாளு முன்னாடி நல்லாத்தான் சார் அனுப்பி வெச்சேன்!"

அசோகனின் குரலை இதற்கு முன்னால் அவள் கேட்டதில்லை.

"ஏனப்பா, பொண்டாட்டின்னா ப்ரூஃப் எங்கே?" என்றார் ஏட்டு. தமிழும் கன்னடமும் கலந்த பேச்சு. "கல்யாணம் ஆன பொண்ணுன்னா ஏழு வருஷத்துக்குள்ள சாவு, அது வேற கேஸ். தாசில்தார் வரணும், பாடி போஸ்ட்மார்ட்டம் போகணும். கல்யாணம் ஆகாத பொண்ணு, வயித்து வலின்னு தகப்பன் எழுதிக் குடுத்திருக்காரு. நான் என்ன மாடலி, என்ன பண்றது?"

"விஹாரத்துல ரிஜிஸ்டர் இருக்குது சார். சாயங்காலத்துக்குள்ள கொண்டாறேன்."

"சாயங்காலம் வரை பாடி வைக்கமாட்டாங்கப்பா."

கூட்டத்திலிருந்து ஒருத்தர், "சாவு வீட்ல வந்து என்னய்யா கலாட்டா, வெளிய தள்ளுங்க அவன" என்றார். ஊரின் நியாயம் அவ்வளவுதான். சாவில் கலாட்டா செய்யக்கூடாது. சாகடித்ததைப் பற்றிப் பேச்சில்லை.

திரை விலகியது. நாகேஷ் கை மட்டும் உள்ளே நீட்டினான். கையில் கட்டிங் ப்ளேயர்.

"வெட்டி எடு."

"ம்."

"அஞ்சு நிமிஷம். வரலேன்னா விரலோட எடு. மேல துணி சுத்திடலாம்."

திரை மூடியது. ஜானகி ப்ளேயரின் வாயை மெட்டிக்கு அடியில் கொடுத்தாள். மெல்லிசு வெள்ளி. ஒரு அழுத்து அழுத்தினால் போதும். மெட்டியை லேசாகத் தள்ளியதும் அடியில் தோல் வெளுத்து, ஒரு வளையமாகத் தெரிந்தது. நாலு மாதம் வெயில் படாத தோல்.

அவளுக்குத் திடீரென்று கோபம் வந்தது. இதை வெட்டிவிட்டால் அப்புறம் என்ன மிச்சம்? சோப்பு போட்டு ஏற்றியது இல்லை, தோசை இல்லை, துவைத்துக் காயப்போட்ட பாவாடை இல்லை. ஒன்றுமே நடக்கவில்லை என்று ஆகிவிடும். அப்படியானால் அவள் நாலு மாதமாக எதைப் பார்த்து வயிறெரிந்தாள்? இல்லாத ஒன்றைப் பார்த்தா? அந்தப் பெண் வாழ்ந்த வாழ்க்கைக்கு இந்த வீட்டில் ஒரே சாட்சி ஜானகியின் பொறாமைதான். அது பொய்யென்று அவளால் சொல்ல முடியாது.

பயமாகவும் இருந்தது. அந்த மஞ்சள் கிண்ணம் நாளைக்கு யார் கழுத்துக்கு வரும் என்று உஷாவைப் பெற்றவளுக்குத் தெரியாதா என்ன?

"கழண்டுச்சாடி?"

"கழண்டுடுச்சு அத்தை" என்றாள் ஜானகி. ப்ளேயரை இடுப்பில் செருகி முந்தானையால் மூடினாள். இடது கால் மெட்டியை முந்தானை முனையில் முடிந்துகொண்டாள். வெள்ளைத் துணியைக் கிழித்து இரண்டு கால் விரல்களையும் சேர்த்துக் கட்டி, மேலே இன்னொரு சுற்றுச் சுற்றினாள்.

வாசலில் வைத்துக் கல்யாணம் நடந்தது. வாழைக்கன்றுக்கு வேட்டி சுற்றிப் பொட்டு வைத்திருந்தார்கள். கோவிந்தப்பா மஞ்சள் கயிற்றை அதன் மேல் சாற்றி எடுத்துத் தானே மகளின் கழுத்தில் கட்டினார். ரோஜா மாலையை மோவாய் வரைக்கும் ஏற்றிவிட்டார்கள். "என் பொண்ணுக்குக் கல்யாணம் பண்ணிட்டேனே" என்று கோமளம் மார்பில் அறைந்துகொண்டு அழுதாள். அந்த அழுகை பொய்யில்லை, அதுதான் கொடுமை.

அசோகனை இரண்டு பேர் கேட்டுக்கு வெளியே பிடித்துக்கொண்டிருந்தார்கள். நீல நிறப் பட்டறைச் சட்டையோடேயே வந்திருந்தான். ஒல்லியாக, சாதாரணமாக இருந்தான். இவனா அது என்று ஜானகிக்கு முதலில் தோன்றியது.

"தூக்கலாமா?" என்றான் நாகேஷ். ஏட்டு தொப்பியைக் கழற்றி அக்குளில் வைத்துக்கொண்டு கால்மாட்டில் வந்து நின்றார்.

"என் கண்ணே!" என்று ஜானகி ஓடிப்போய் அந்தக் காலில் விழுந்தாள். நாத்தனார் சாவில் அண்ணி காலைப் பிடித்து அழுவதை யார் தடுப்பார்கள்? அழுதுகொண்டே முடிச்சை அவிழ்த்தாள். வெள்ளைத் துணி நழுவிக் கீழே விழுந்தது. வெயிலில் மெட்டி பளிச்சென்றது.

ஏட்டு குனிந்து பார்த்தார். "ஏனம்மா, என்ன இது?"

"இப்பதான் சார், கல்யாணத்துக்குன்னு போட்டது" என்று நாகேஷ் முந்திக்கொண்டான்.

"இல்லீங்க" என்றாள் ஜானகி. எழுந்திருக்கவில்லை. "நாலு மாசமா இருக்குது. அடியில பாருங்க, தோலு வெளுத்திருக்கு. இத வெட்டி எடுக்கச் சொல்லித்தான் என்கிட்ட இதக் குடுத்தாங்க."

இடுப்பிலிருந்து ப்ளேயரை எடுத்துப் பிணத்தின் காலடியில் வைத்தாள்.

ஏட்டு மெட்டியைப் பார்த்தார், ப்ளேயரைப் பார்த்தார். அப்புறம் அவர் கண் மெல்ல மேலே ஏறி, மோவாய் வரைக்கும் ஏற்றிவிட்ட மாலையில் போய் நின்றது. தொப்பியை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டார்.

"பாடிய யாரும் தூக்கவேணாம். தாசில்தார் வரட்டும். அந்தப் பையனை உள்ள விடுங்க."

கூட்டம் கொஞ்சம் கொஞ்சமாகக் கேட்டைத் தாண்டிக் கரைந்தது. நாகேஷ் ஜானகியைப் பார்த்த பார்வையில் எல்லாம் இருந்தது. 'அட்ரஸ் சொன்னதே இவதான், இப்ப பேசுறா பாரு' என்பதும் இருந்தது. அது அவளுக்குப் புரிந்தது.

அசோகன் வந்து கால்மாட்டில் உட்கார்ந்தான். முகத்தைப் பார்க்கப் பயந்தவனாகக் காலையே பார்த்தான். ஜானகி முந்தானை முடிச்சை அவிழ்த்து இடது கால் மெட்டியை எடுத்து நீட்டினாள். வாங்கிக்கொண்டு வெகுநேரம் உள்ளங்கையில் வைத்திருந்தான். பிறகு நிமிர்ந்தான்.

"அக்கா, கொஞ்சம் சோப்பு இருக்குமா?"

"முட்டபேடப்பா, தொடக்கூடாது" என்றார் ஏட்டு. சொல்லிவிட்டுத் தெருப்பக்கம் திரும்பி நின்றுகொண்டார்.

ஜானகி சோப்பைக் கொண்டுவந்து கொடுத்தாள். அவன் சுனிதாவின் காலை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு, நுரையை விரலில் தடவி, மெட்டியை மெல்ல மெல்ல ஏற்றினான். மூட்டுக்கு வந்ததும் நிறுத்தி, அவள் முகத்தை ஒரு தரம் பார்த்துக்கொண்டான். அப்புறம் இன்னும் மெதுவாகத் தள்ளினான்.

அது ஏறி உட்காருகிற வரைக்கும் ஜானகி கண்ணை எடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு தன் இரண்டு கால்களையும் புடவைக்குள் இழுத்துக்கொண்டாள்.