கேமரா முன்னால் ஒரு ஜெபம்

வேதமாணிக்கம் தன் வாழ்க்கையை அன்றைக்கு மூன்றாவது தடவையாகச் சொல்லி முடித்தார். முதல் தடவை பக்கத்து வீட்டு மிக்ஸி கெடுத்தது, இரண்டாம் தடவை அவருடைய இருமல். கண்மாயை விழுங்கிய கல்குவாரிக்குக் கையெழுத்துப் போட்ட மேலதிகாரியை அம்பலப்படுத்தியது, அதில் குமாஸ்தா வேலை போனது, பிறகு ஊர் ஊராகப் போய்த் தகவல் உரிமை மனு எழுதக் கற்றுக்கொடுத்தது என்று எல்லாம் ஆவணப்படமாகிக்கொண்டிருந்தது. "அரசாங்கத்துல மறைவுன்னு ஒண்ணு இருக்கவே கூடாதும்மா" என்று இயக்குநர் மைத்ரேயியிடம் அடித்துச் சொன்னார். வேலை போன அந்த அலுவலகத்துக்குள்ளிருந்து இன்றைக்கும் அவருக்குத் துப்புக் கொடுப்பவர் யார் என்பதை மட்டும் சொல்லவில்லை. மாட்டிவிடக் கூடாதென்று அந்த ஆளுக்கு அவர் ஒரு போன்கூடப் போட்டதில்லை.

பசுமலையில் அவர் வீட்டில் பொழுது சாய்ந்ததும் குடும்ப ஜெபம். அதையும் எடுக்கலாமா என்று மைத்ரேயி கேட்டாள். அவர் மனைவி ஞானம் சேலைத் தலைப்பைத் தலையில் இழுத்துவிட்டு முழந்தாளிட்டாள். கண்ணை மூடிவிட்டால் அவளுக்குக் கேமராவும் கிடையாது, உலகமும் கிடையாது.

"ஆபீசுல ஒருத்தருக்கும் தெரியாம எங்களுக்கு ஒத்தாசையா இருக்குற மேலூர்த் தம்பி அசோக்குமாரையும், அவரு ரெண்டு பொம்பளப் பிள்ளைகளையும் உம்முடைய செட்டைகளின் நிழலிலே மறைத்துக்கொள்ளும் ஆண்டவரே..."

வேதமாணிக்கம் கண்ணைத் திறந்து கேமராவைப் பார்த்தார். தினம் சொல்கிற ஜெபம்தான், தினம் அவரும் ஆமென் சொல்வதுதான். இப்போது ஆமெனுக்குக் காத்திராமல் மைத்ரேயியிடம் ஓடினார்.

"அழிச்சிடும்மா. அந்தத் தம்பிதான்னு வெளிய தெரிஞ்சா வேலை மட்டுமில்ல, உசுரே போயிரும்." கெஞ்சும்போது அவருக்கே வெட்கமாக இருந்தது. மைத்ரேயி மறுபேச்சுப் பேசாமல் அவர் கண் முன்னாலேயே அழித்தாள். மூச்சு வந்தது.

விளக்கைப் பிடித்திருந்த படக்குழுவின் வேன் டிரைவர், மேலூர்க்காரன் விக்ரம், சிரித்துக்கொண்டே கிட்டே வந்தான்.

"சார், எங்க தெரு அசோக்குமாரண்ணனா?"

"இல்லப்பா. அது வேற ஆளு." அவருக்குப் பொய் சொல்லிப் பழக்கமில்லை, அது நன்றாகவே தெரிந்தது.

"ரெண்டு பொம்பளப் பிள்ளைன்னு அம்மா சொன்னாகளே. இம்புட்டுக் காரியம் பண்ணிட்டு ஒண்ணுந் தெரியாத பூனையாட்டம் போறாரு மனுசன்! எங்க தெருவுக்கே பெருமை சார்."

"யார்கிட்டயும் சொல்லிராதய்யா."

"சேச்சே. நம்ம பயலுக கிட்ட மட்டுந்தான்."

உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா? பையன் கெட்டவனாக இருந்திருந்தால் சண்டையாவது போடலாம், இவன் பாசக்காரன். இவனை இப்படியே மேலூருக்கு அனுப்பிவிட முடியாது. போகிற வழியிலாவது பேசிப் புரியவைத்துவிடலாம் என்று வேதமாணிக்கம் சட்டையை மாட்டிக்கொண்டு முன் சீட்டில் ஏறினார். ஞானம் இன்னும் எழுந்திருக்கவில்லை.

"நீங்களும் வாரீகளா!" விக்ரமுக்குத் தலைகால் புரியவில்லை. "அண்ணன் வீட்டு வாசல்லயே எறக்கி விடுறேன் சார். தெருவே பாக்கட்டும்."

வண்டி நகர்ந்தது. முன்கண்ணாடியில் ஒட்டியிருந்த வெள்ளைத் தாளில் 'ஆவணப்படக் குழு' என்ற பெரிய எழுத்துகள், எதிரே வந்த பஸ்ஸின் வெளிச்சத்தில், உள்ளேயிருந்து பார்ப்பவருக்கு இடம்வலம் மாறித் தெரிந்தன.