கமிஷனர் வரும்வரை

காலியாக இருந்தபோது பெட்டி ஒருக்களித்து எப்படியோ உள்ளே வந்துவிட்டது. அப்பாவை வைத்து மூடியபின் அதே மாதிரி ஒருக்களித்தார்கள். உள்ளே அவர் உருண்டு இடிபடும் சத்தம் கேட்டது.

"நிறுத்துங்கய்யா! அவர் என்ன பீரோவா?" என்று மகள் கத்தினாள்.

சந்தின் லட்சணம் அப்படி. பின்வீட்டிலிருந்து தெருவுக்குப் போக அது ஒன்றுதான் வழி. அண்ணன் தம்பி இருவருக்கும் பொது. முன்வீட்டுத் தம்பி கட்டட மேஸ்திரி. சந்தின் குறுக்கே நெஞ்சளவுக்குச் சுவர் எழுப்பி, ஓரத்தில் ஓர் ஆள் பக்கவாட்டில் நுழைய மட்டும் இடம் விட்டிருந்தார். கொஞ்சம் சதைப்பிடிப்பான பூனைகூட அதில் மூச்சைப் பிடித்துக்கொண்டுதான் போகும். சந்தில் ஒரு கல்லும் வைக்கக்கூடாது என்று கோர்ட் தடை உத்தரவு போட்டிருந்தது. மேஸ்திரி உத்தரவை மதித்து, கோர்ட்டுக்கு விடுமுறை விடும்வரை பொறுமையாகக் காத்திருந்து, அப்புறம்தான் கட்டினார்.

அப்பா பூட்டு ரிப்பேர்காரர். பாதி ஊரின் கதவுகளைத் திறந்துகொடுத்தவர், சொந்த வழியைத் திறக்க கோர்ட்டுக்கு நடந்தார். அவர் நடந்ததில் கோர்ட் படிகள் ஓர் அங்குலம் தாழ்ந்துவிட்டதாக வக்கீலம்மா சொல்வார். நேற்று மத்தியானம் அவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தபோது, ஆம்புலன்ஸ்காரர்கள் ஸ்ட்ரெச்சரை அந்த இடுக்கில் மடக்கினார்கள், விரித்தார்கள், மறுபடி மடக்கினார்கள். கடைசியில் உள்ளே வந்து சேர்ந்தபோது அப்பாவுக்கு எந்த அவசரமும் இல்லை.

"நகருங்கப்பா!"

சுவருக்கு அந்தப் பக்கம் மேஸ்திரி சித்தப்பா நின்றார். கையில் கடப்பாரை.

"எங்கண்ணன் போக வழியில்லாம நிக்கறதா? என் கையாலயே இடிச்சுடறேன்."

அத்தை அழுதேவிட்டாள். "என்ன இருந்தாலும் கூடப்பிறந்தவனாச்சே!"

மகள் போனில் வக்கீலம்மாவைப் பிடித்தாள்.

"இடிக்க விடாதே! திங்கட்கிழமை கோர்ட் கமிஷனர் வந்து சுவரைக் கண்ணால பாக்கணும். அதுக்குள்ள இடிச்சுட்டார்னா, 'தப்புதான், அண்ணனுக்காக நானே எடுத்துட்டேன்'னு ஜட்ஜ் முன்னாடி கண்ணைத் தொடைச்சுப்பார். எச்சரிச்சு விட்டுருவாங்க."

"சுவர் நின்னா?"

"உத்தரவை மீறினதுக்கு ஜெயில்ல வைக்கக் கேக்கலாம். சொத்தை ஜப்தி பண்ணக் கேக்கலாம். அவர் செலவுலயே இடிச்சுப் பழையபடி ஆக்கவும் கேக்கலாம்."

"அப்பாதான் போயிட்டாரே, மேடம்."

"அவர் இடத்துல வாரிசா உன்னைச் சேர்க்க மனு போடறேன். அவர் போனதால உன் சித்தப்பா மீறினது இல்லேன்னு ஆயிடாது."

"போட்டோ எடுத்து வெச்சுட்டா?"

"அது வேற வீட்டுச் சுவர்னு அவங்க வக்கீல் கற்பூரம் அடிச்சுச் சத்தியம் பண்ணுவார். சுவரை விடாதே."

கடப்பாரை ஓங்கியிருந்தது. மகள் ஓடிப்போய் சுவரின் மேல் இரண்டு கையையும் விரித்தாள்.

"என் கைமேல போடுங்க சித்தப்பா."

"பாருங்க இவளை! வழி விடறேன்னாலும் குத்தமா?"

"நேத்து இந்தக் கடப்பாரைக்கு என்ன காய்ச்சலா? ஸ்ட்ரெச்சரோட அவங்க திண்டாடினப்ப மாடியில நின்னு டீ குடிச்சுக்கிட்டுதானே பாத்தீங்க?"

"நான் ஒண்ணும் டீ குடிக்கல."

"அப்ப காபியா?"

யாரும் சிரிக்கவில்லை. சித்தப்பா கடப்பாரையைத் தரையில் ஊன்றினார்.

அத்தை அவள் தோளைப் பிடித்து உலுக்கினாள். "பெத்த அப்பன் நடுச்சந்துல கிடக்கறான். உனக்குக் கேஸ் பெரிசாப் போச்சாடி? நல்லபடியா வாசல் வழியா அனுப்பக்கூடாதா?"

மகள் பெட்டியைப் பார்த்தாள்.

"மேல தூக்குங்க" என்றாள்.

"திருட்டுச் சாமான் மாதிரி சுவரேறியா?"

"தூக்குங்கன்னு சொல்றேன்ல!"

நான்கு பேர் இடுக்கில் நுழைந்து அந்தப் பக்கம் போனார்கள். இந்தப் பக்கம் நான்கு பேர் தம்கட்டித் தூக்கி, பெட்டியைச் சுவரின் மேல் வைத்தார்கள். அவசரத்தில் கட்டிய சுவர். கலவையில் சிமென்ட்டைவிட மணல்தான் தாராளம். பாரம் ஏறியதும் அடியில் ஒரு விரிசல் கோடு விழுந்தது. சுவர் இந்தப் பக்கமாகச் சாய்ந்தது. சித்தப்பாவின் முகம் மெல்லத் தெளிந்தது.

மகள் இரண்டு உள்ளங்கைகளையும் சுவரில் பதித்து, தோளைக் கொடுத்து, காலை ஊன்றிக்கொண்டாள். தலைக்கு மேலே அப்பா உரசிக்கொண்டு நகர்ந்தார். முடியில் பொடி கொட்டியது. அந்தப் பக்கத்தவர்கள் வாங்கிக்கொண்டார்கள். காலடிகள் சந்தைவிட்டுத் தெருவுக்குப் போயின. வண்டிக் கதவைச் சாத்தும் சத்தம் கேட்டது.

"வாடி, கிளம்பறாங்க" என்று தெருமுனையிலிருந்து அத்தை கூப்பிட்டாள்.

மகள் இடது கையை மட்டும் மெதுவாக எடுத்துப் பார்த்தாள். கோட்டிலிருந்து மணல் உதிர்ந்தது. கையைத் திரும்ப வைத்துக்கொண்டாள்.