மரம் வெட்டுறவன் வேஷம்

எங்க ஊட்டுக்காரர் மரம் வெட்டுறவருங்க. அதைச் சொல்ல எனக்கு ஒரு வெக்கமும் கெடையாது. கண்ணுசாமின்னு பேரு. மெஷின் ரம்பத்தை டி.வி.எஸ்.ல கட்டிக்கிட்டு, சேந்தமங்கலம் சுத்து வட்டாரத்துல யார் கூப்பிட்டாலும் போவாரு. ஊட்டு மேல சாஞ்ச மரம், கரண்டுக் கம்பியில உரசுற மரம், ரோட்டுக்கு இடைஞ்சலா நிக்கிற மரம், எல்லாத்துக்கும் அவர்தான் வேணும். ஒரே மக எங்களுக்கு, பிரபா. நாலாவது படிக்கிறா.

பொங்கல் லீவு முடிஞ்சு பள்ளிக்கூடம் தொறந்த மூணாவது நாளு, இவ பையை மூலையில வீசிட்டு, "இனிமே நான் போகமாட்டேன்"னு உக்காந்துக்கிட்டா. கெஞ்சினேன், ரெண்டு அடியும் போட்டேன். சாயங்காலம் வர்க்கியை டீயில நனைச்சுக்கிட்டே கேக்கறா: "அம்மா, அப்பா கெட்டவரா?"

தோண்டித் தோண்டிக் கேட்டதும்தான் எல்லாம் வெளிய வந்துச்சு.

புதுசா வந்த ஜோஸ்லின் மிஸ்ஸு வகுப்புல ஒரு படப் புக்கைப் படிச்சுக் காட்டியிருக்குது. மழைக்காட்டுக் கதை. கிளி, கொரங்கு, தவளை எல்லாம் சந்தோசமா இருக்கிறப்ப ஒருத்தன் ரம்பத்தோட வாரானாம். மிருகமெல்லாம் அவனைச் சுத்தி நின்னுக்கிட்டு "ஏன் மரத்தை வெட்டுற?"ன்னு மூணு தடவை கேக்குதாம். அவன் முட்டி போட்டு மன்னிப்புக் கேட்டு, ஒரு செடியை நடறானாம். அதோட விட்டாத் தேவலை. சிவபிரகாஷ்னு ஒரு பையன் எந்திரிச்சு, "மிஸ், இவங்கப்பாதான் அது"ன்னுட்டான். அன்னைக்கிருந்து இவ பக்கத்துல ஒருத்தரும் உக்காருறதில்லை. இப்ப ஆண்டு விழாவுக்கு அந்தக் கதையையே நாடகமாப் போடறாங்களாம். மரம் வெட்டுறவன் வேஷம் யாருக்கும் வேண்டாமாம். எல்லாப் பிள்ளைகளும் இவ பேரைச் சொல்ல, மிஸ்ஸும் சரின்னு எழுதிக்கிச்சாம்.

விடிஞ்சதும் கோழிப்பண்ணை வேலைக்கு லீவு சொல்லிட்டு நேராப் பள்ளிக்கூடத்துக்குப் போனேன். மிஸ்ஸு சின்னப் பொண்ணு. சொந்த ஊரு சேலம் ஃபேர்லேண்ட்ஸாம், இங்க ஹாஸ்டல்ல தங்கியிருக்குது. கழுத்துல பொடிசா ஒரு சிலுவை.

"ஏனுங் மிஸ், அந்தப் புக்கைச் சித்த காட்டுங்க"ன்னேன்.

நானும் எட்டாவது வரைக்கும் படிச்சவதான். பொய் சொல்லப்படாது, புக்கு அழகாத்தான் இருந்துச்சு. எலை நுனியில தண்ணி சொட்டறது வரைக்கும் வரைஞ்சிருக்காங்க. ஆனா அந்த ரம்பக்காரன் பக்கம் வந்ததும் எனக்கு ஒடம்பெல்லாம் எரிஞ்சுபோச்சு. கோரைப்பல்லு, செவந்த கண்ணு, இம்புட்டுப் பெரிய தொப்பை. நாள் முச்சூடும் மரம் ஏறி எறங்கறவனுக்கு எங்கிருந்துங்க தொப்பை வரும்? எங்க ஊட்டுக்காரரு சட்டையைக் கழட்டுனா எலும்பை எண்ணிரலாம்.

"கதைதானேம்மா" அப்படின்னுச்சு மிஸ்ஸு. "பிள்ளைகளுக்கு மரத்து மேல ஒரு பாசம் வரணும்னுதான்..."

"வரட்டுங்க, நானா வேண்டாங்கறேன்? அந்தச் சன்னல் வழியா பாருங்க. வரிசையா வேன் நிக்குதில்லீங்க? அங்க முன்னாடி என்ன இருந்துச்சுன்னு தெரியுமா?"

மிஸ்ஸு எட்டிப் பாத்துச்சு. ஜூன்ல வேலைக்கு வந்த பொண்ணு, அதுக்கு எப்படித் தெரியும்?

"மூணு தூங்குமூஞ்சி மரம். மே மாச லீவுல உங்க கரஸ்பாண்டண்ட் ஐயாவே போன் போட்டு எங்க ஊட்டுக்காரரைக் கூப்பிட்டாரு. ஒரு மரத்துல காக்காக் குஞ்சு இருக்குது, பறக்கட்டும், பத்து நாள் பொறுங்கன்னு இவர் கெஞ்சுனாரு. புது வேன் வந்து எறங்கிருச்சு, நிறுத்த எடம் வேணும், இன்னைக்கே முடின்னுட்டாங்க. அன்னைக்கு ஊட்டுக்கு வந்த மனுசன் சோத்துல கை வெக்கலைங் மிஸ். இந்த ஊர்ல மரத்துக்காகப் பட்டினி கெடந்தவர் அவரு ஒருத்தர்தான். உங்க பிள்ளைக அவரைக் கெட்டவருங்குது!"

நான் போட்ட சத்தத்தைக் கேட்டுக் கரஸ்பாண்டண்டே வந்துட்டாரு. சிரிச்ச மொகம் மாறலை. "இதுக்கு எதுக்கம்மா கோவம்? பாப்பாவுக்குக் கிளி வேஷம் குடுத்திரலாம். அந்த ஆளுக்கு அட்டையில ஒரு பொம்மை செஞ்சு நிறுத்திருங்க மிஸ்" அப்படின்னாரு. அப்பறம் என்ற பக்கம் திரும்பி, "புதுசா காலேஜ் கட்டப்போறோம். அந்த எடத்துலயும் கண்ணுசாமிக்கு நெறைய வேலை இருக்குது. மத்த பேச்செல்லாம் வேண்டாம், என்ன?" அப்படின்னாரு.

மெரட்டறதை இப்படியும் சிரிச்சுக்கிட்டே மெரட்டலாம்னு அன்னைக்குத்தான் கண்டுக்கிட்டேன்.

ஊட்டுக்கு வந்து சொன்னா, இவர் தலையக் குனிஞ்சுக்கிட்டு ரம்பச் சங்கிலிக்கு அரம் போட்டுக்கிட்டே மககிட்ட, "கிளி வேஷமே போட்டுக்க சாமி. பச்சைத் துணி உனக்கு நல்லாருக்கும்"ங்கறாரு. எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவே இல்லை. அதுக்குள்ள மக முந்திக்கிட்டா.

"கிளியும் 'ஏன் மரத்தை வெட்டுற?'ன்னு கேக்கணும்ப்பா. நான் உன்னைய அப்படிக் கேக்க மாட்டேன். எனக்கு மரம் வெட்டுறவன் வேஷமே போதும்."

இவரு அரத்தைக் கீழ வெச்சாரு. நான் அப்பவே மிஸ்ஸுக்குப் போன் போட்டேன். மக சொன்னதை அப்படியே சொன்னேன். அப்பறம், "பிரபாவே போடட்டும்மா. கோரைப்பல்லு மட்டும் வேண்டாம். கரஸ்பாண்டண்ட் சார் கேட்டா நான் பதில் சொல்லிக்கறேன்"னுச்சு. அந்தப் பொண்ணு மேல இருந்த கோவத்துல பாதி அங்கயே போயிருச்சு.

விழா அன்னைக்குச் சாயங்காலம் அஞ்சு மணிக்கெல்லாம் கூட்டம் நெறைஞ்சுபோச்சு. முன் வரிசை சோபாவுல கரஸ்பாண்டண்ட் குடும்பம், சால்வை போத்துன விருந்தாளிக. நான் நடுவுல ஒரு சேர்ல உக்காந்துக்கிட்டு, பக்கத்துச் சேர்ல பையை வெச்சு எடம் புடிச்சிருந்தேன். இவரு உள்ளயே வரலை. "நீ பாரு போ"ன்னுட்டு, கடைசியில வேனுகிட்ட நின்னுக்கிட்டாரு.

அப்பாவோட பழைய சட்டை முழங்காலுக்குக் கீழ தொங்க, தலையில துண்டைக் கட்டிக்கிட்டு, அட்டை ரம்பத்தோட மக மேடைக்கு வந்தா. கூட்டம் கொல்லுன்னு சிரிச்சுச்சு. கிளி, தவளை, கொரங்குன்னு முப்பது பிள்ளைக அவளைச் சுத்தி நின்னு, பழக்கிவிட்ட மாதிரியே "ஏன் மரத்தை வெட்டுற?"ன்னு மூணு தடவை கத்துச்சுக. சிவபிரகாஷ்தான் பெரிய கொரங்கு. அவன் சத்தம்தான் தூக்கலா இருந்துச்சு.

இப்ப இவ முட்டி போடணும். போடலை. மைக்குல இவ மூச்சு மட்டும் கேக்குது. மறந்துட்டாளோ, அழுதுருவாளோ?

"வேலைக்குக் கூப்பிட்டாங்க, நான் வந்தேன்"னா மக. "கூப்பிட்டவங்க அங்க உக்காந்திருக்காங்க. அவங்களையும் கேளுங்க." கையை முன் வரிசைப் பக்கம் நீட்டுனா.

பாவம், பிள்ளைகளுக்குத் தெரிஞ்சது அந்த ஒரே வசனந்தான். சிவபிரகாஷ் வாலைப் புடிச்சுக்கிட்டு இவளைப் பாத்தான், முன் வரிசையப் பாத்தான். அவனுக்கு என்ன தோணுச்சோ, அங்க திரும்பித் தொண்டை கிழியக் கத்துனான்:

"ஏன் மரத்தை வெட்டுற?"

ஒடனே முப்பது பிள்ளைகளும் திரும்பிருச்சுக. கிளியெல்லாம் றெக்கைய ஆட்டிக்கிட்டுக் கத்துது, தவளையெல்லாம் குதிச்சுக்கிட்டுக் கத்துது. மருவாதையும் கெடையாது ஒண்ணும் கெடையாது, அதே "வெட்டுற"தான். கரஸ்பாண்டண்ட் சிரிப்பு அப்படியே ஒறைஞ்சுபோச்சு. தெரையப் போடுன்னு மிஸ்ஸுக்குச் சாடை காட்டுறாரு. ஜோஸ்லின் மிஸ்ஸு தெரைக்கயித்தை ரெண்டு கையிலயும் புடிச்சுக்கிட்டு நின்னுச்சு. இழுக்கலை.

பின்னாடி திரும்பிப் பாத்தேன். இவரு நடந்து வாராரு. சனங்க அத்தனை பேரும் பாக்க, நடுப்பாதையில நடந்து வந்து, என்ற பையைத் தூக்கி மடியில வெச்சுக்கிட்டு அந்தச் சேர்ல உக்காந்தாரு.

"காலேஜ் வேலை போச்சு"ன்னாரு.

"போனாப் போகுதுங்க. மேல பாருங்க, மக உங்களத்தான் பாக்கறா"ன்னேன்.

பிள்ளைக மூணாவது தடவையும் கேட்டு முடிச்சுச்சுக. முன் வரிசையில ஒருத்தரும் பதில் சொல்லலை. என்ற மகளும் முட்டி போடலை.