சாயிலி வீட்டுப் படி

யாங்ரு கிராமத்தில் முதன்முதலாகத் தரையை விட்டுக் கிளம்பியது ஓய்வுபெற்ற சுபேதாரின் வீடு. மாசி மாதம், பால் கறக்கும் நேரம். அவர் குடும்பத்தோடு போக்ரா நகரத்துக்குக் குடிபோய்ப் பல வருஷமாயிற்று. வீடு பூட்டிக் கிடந்தது. காலையில் பார்த்தபோது முற்றத்துக் கல்லுக்கும் சுவருக்கும் நடுவே ஒரு கோழி நுழையும் அளவுக்கு இடைவெளி இருந்தது. சாயங்காலம் ஆடு நுழைந்தது. மறுநாள் கற்பலகைக் கூரையோடும் தொங்கிய பூட்டோடும் வால்நட் மரத்து உச்சிக்குப் போய் நின்று, காற்று திரும்பியதும் கிழக்கு முகட்டைத் தாண்டிப் போய்விட்டது. ஊரார் சுபேதாருக்குப் போன் போட்டுச் சொன்னார்கள். பட்டா என்னிடம்தான் இருக்கிறது, அது எங்கே போய்விடும் என்று கேட்டுவிட்டு அவர் போனை வைத்துவிட்டார்.

யாரும் வாயைப் பிளக்கவில்லை. ஆள் இல்லாத வீட்டுக்கு எடை ஏது? வாலிபர்கள் கத்தாருக்கும் மலேசியாவுக்கும் போனார்கள், உடம்பு திடமாக இருந்தவர்கள் பிரிட்டிஷ் பட்டாளத்துக்குப் போனார்கள், மிச்சப் பேர் போக்ராவில் மாடிவீடு கட்டினார்கள். ஊரில் வீடுகள் ஒவ்வொன்றாக லேசாயின. பாறாங்கல்லைத் தூக்கி உள்ளே போட்டுப் பார்த்தார்கள். ஒரு வாரத்தில் பாறாங்கல்லும் வீட்டோடு சேர்ந்து லேசாகி, குழந்தைகள் அதைப் பந்தாடினார்கள். அப்புறம் ஒரு கல்யாணம் வந்தது. பெண்வீட்டார் வந்து நாலைந்து வீடுகளில் தங்கிப் படுத்தார்கள். ஒரு சாண் உயர்ந்திருந்த அந்த வீடுகள் விடிவதற்குள் தரையில் குந்திக்கொண்டன. அன்றைக்கே அம்மாக்கள் சங்கத் தலைவி ஜேட்டி முடிவு செய்துவிட்டாள், ஊருக்கு வேண்டியது விருந்தாளிகள் என்று. (அந்தப் பக்கத்தில் பெண் பிள்ளைகளைப் பிறந்த வரிசையில்தான் கூப்பிடுவார்கள். மூத்தவள் ஜேட்டி, மூன்றாமவள் சாயிலி. ஆண்களில் கடைக்குட்டி காஞ்சா. கணக்கு எளிது, சண்டையும் இல்லை.)

மற்ற மலைக் கிராமங்களில் விருந்தாளிகளை வீட்டு வரிசைப்படி முறைவைத்துப் பங்கிடுவார்கள். யாங்ருவில் உயரப்படி. எந்த வீடு அதிகம் எழும்பியிருக்கிறதோ அதற்குத்தான் அடுத்த விருந்தாளி. அடிவாரச் சந்தையில் பஸ் விட்டு இறங்குகிறவர்களைக் கல்படிகளில் ஏற்றிக் கூட்டிவருவது வழிகாட்டி காஞ்சாவின் வேலை. அரைநாள் ஏற்றம், ஒரு இரவு தங்கல், காலையில் பனிமலையைப் பார்த்துவிட்டு இறக்கம். ஆளைப் பார்த்ததும் காஞ்சா கண்ணாலேயே எடை போட்டுவிடுவான். ஜேட்டிக்குப் போன் போட்டு, ரெண்டு மூட்டை நெல் வருகிறது என்றால் பருத்த ஆட்கள் இருவர் என்று அர்த்தம். விருந்தாளிகளிடம் விஷயத்தைச் சொல்வதில்லை. வாசலுக்கு ஏணி வைத்து ஏற்றுவதை அவர்கள் ஊர்வழக்கம் என்று நினைத்துக்கொண்டார்கள். சிறுத்தைக்குப் பயந்துதானே முன்னோர்கள் இப்படிக் கட்டினார்கள் என்று ஒரு வாத்தியார் கேட்டபோது, ஆமாம் சார், அதேதான் என்று காஞ்சா அடித்துவிட்டான்.

எல்லா வீடும் இறங்கியது, சாயிலியின் வீட்டைத் தவிர. அவள் கணவன் ஓம்பகதூர் கத்தாரில் ராத்திரிக் காவல்காரன். மகள் போக்ராவில் விடுதியில் தங்கிப் படித்தாள். வீட்டில் சாயிலியும் ஓர் எருமையும்தான்; எருமை வெளியே கட்டியிருந்ததால் கணக்கில் வராது. வீடு எழும்பத் தொடங்கிய நாள் முதல் அவள் நடுத்தூணில் ஒரு கயிற்றைக் கட்டி, ஜன்னல் வழியாக இறக்கி, வெளியே தரையில் அடித்த முளையில் சுற்றி, மறுநுனியை மேலே கொண்டுவந்து தன் மணிக்கட்டில் முடிந்துகொண்டு படுத்தாள். கயிறு விறைத்தால் எழுந்து இழுப்பாள். இப்படி இழுத்து இழுத்தே அவள் கண்ணுக்குக் கீழே கரி அப்பிவிட்டது. கணவனிடம் சொல்லவில்லை. வாராவாரம் போனில், வீடு எப்படி இருக்கிறது என்று அவன் கேட்பான். நல்லா இருக்கு, நல்லா ஒசந்து நிக்குது என்பாள். அது பொய்யில்லை.

இதற்கிடையில் கீழ்த்தெருவில் பூட்டிக் கிடந்த இன்னொரு வீடு கிளம்பிப் போகும்போது அடுத்த வீட்டுக் கூரையைப் பாதி உரித்துக்கொண்டு போயிற்று. அதிலிருந்து சங்கத்தில் ஒரு விதி வந்தது. நெஞ்சு உயரம் தாண்டிய வீட்டைக் கயிற்றால் கட்டிவைக்கக் கூடாது. சாமானை எல்லாம் இறக்கிவிட்டு, காற்று பள்ளத்தாக்குப் பக்கம் அடிக்கும்போது கயிற்றை அறுத்துவிட வேண்டும். சாயிலியின் வீடு அப்போது இடுப்பைத் தாண்டியிருந்தது. சித்வனிலிருந்து வந்த இரண்டு காண்டிராக்டர்களை அவளுக்குத்தான் ஒதுக்கினார்கள். காஞ்சாவே அவர்களுக்குப் பின்னால் ஏறப் பயந்தான், அப்படிப்பட்ட உடம்பு. இரண்டு கோழிகளைத் தின்றார்கள், கேழ்வரகுச் சாராயத்தையும் காலி செய்தார்கள். பிறகு விடிய விடியப் போனில் பேசிக்கொண்டும் நாய்களைத் திட்டிக்கொண்டும் புரண்டார்கள். காலையில் பார்த்தால் வீடு ஒரு முழம் கூடியிருந்தது. ஏணிக்கு மேலும் ஒரு படி கட்டி அவர்களை இறக்க வேண்டியதாயிற்று. ஏன் இப்படி என்று யாருக்கும் விளங்கவில்லை.

ஜேட்டி வந்து நிமிர்ந்து பார்த்தாள். அவளுக்கு நெஞ்சு உயரம்.

"அடுத்த விருந்தாளியும் ஒனக்குத்தான். அதுக்கும் எறங்கலேன்னா நான் என்னடி பண்ணுவேன்? ஒன் வீடு போனா ஒன் வீடு மட்டுமா போகும்? கீழ இருக்கிற மூணு கூரையும் சேர்ந்துல்ல போகும்."

"தசைனுக்கு அவரு வராரு அக்கா. பண்டிகைக்கு வர்ற மனுசன் வீடு எங்கேன்னு கேட்டா, மேல பாருங்கன்னா சொல்றது?"

ஜேட்டிக்கும் கண் கலங்கிவிட்டது. ஆனாலும் அரிவாளைத் தீட்டி வைக்கச் சொல்லிவிட்டுத்தான் போனாள்.

காஞ்சா கைவிடவில்லை. புட்வலில் டிராக்டர் வியாபாரம் செய்கிற நான்கு பேரைப் பிடித்திருந்தான், நான்கும் முழு மூட்டை. குறித்த நாளில் அவர்கள் சந்தையில் இறங்கி, சாயா குடித்து, கல்படிகளை அண்ணாந்து பார்த்தார்கள். பார்த்துவிட்டு அப்படியே ஜீப் பிடித்து வேறு ஊருக்குப் போய்விட்டார்கள். அதே பஸ்ஸிலிருந்து இறங்கி ஓரமாக நின்றிருந்தாள் ஒருத்தி, நாற்பது வயதிருக்கும். பாடன் நகரத்து நானிஷோபா. தம்பி பணம் கட்டி அனுப்பிவைத்திருந்தான். காஞ்சா போனை எடுத்தான்.

"எத்தனை மூட்டைடா?" என்றாள் ஜேட்டி.

"மூட்டை இல்ல அக்கா. ஒரு கட்டு கொத்தமல்லி."

ஜேட்டி போனை வைத்துவிட்டாள்.

வழியெல்லாம் காஞ்சா அவளைத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே ஏறினான். "என்ன தம்பி, ஆட்டுக்கு வெல பேசற மாதிரி பாக்கறீங்க?" என்று அவள் கேட்டாள். அவனுக்கு வெட்கமாகப் போயிற்று. வழியில் மரத்தடி நிழல் மேடை வரும்போதெல்லாம் உட்காருவாள், கண் சொருகும், உடனே யாரோ கூப்பிட்டதுபோல் திடுக்கிட்டு எழுந்து, போலாமா என்பாள். பக்கவாதம் வந்த அப்பாவை வருஷக்கணக்காகப் படுக்கையில் வைத்துப் பார்த்தவள் அவள். இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை புரட்டிப் படுக்க வைக்காவிட்டால் முதுகில் புண் வந்துவிடும். அப்பா போய், வருஷத் திதியும் முடிந்துவிட்டது. ஆனால் இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை அவளுக்கு விழிப்பு வருவது மட்டும் நிற்கவில்லை. பசி ருசி அறியாது, நித்திரை சுகம் அறியாது என்பார்கள். அவளிடம் அந்த நித்திரையே வழி மறந்துபோயிருந்தது.

ஊர் எல்லையில் சாமந்தி மாலை போட்டு, நெற்றியில் அரிசிப் பொட்டு வைத்து வரவேற்றார்கள். பெண்கள் முகத்தில் சிரிப்பு இருந்தது, கண்ணில் இல்லை. இது எங்கே இழுத்துப் பிடிக்கப்போகிறது என்று ஒருத்தி வாய்விட்டே முணுமுணுத்தாள். சாயிலி மட்டும் ஏணியைப் பிடித்துக்கொண்டு ஏற்றிவிட்டாள். அவள் மூட்டைகளை ஏற்கெனவே கட்டிவைத்திருந்தாள். பாத்திரங்கள் ஒரு கூடையில், கணவனின் கம்பளிச் சட்டை தனியாக. அந்த ஒரு வேளைக்கென்று வெளியே வைத்திருந்த சட்டியில் களி கிண்டி, காய்ந்த கீரைச் சாறும் வைத்துக் கொடுத்தாள். நானிஷோபா மிச்சம் வைக்காமல் சாப்பிட்டாள். அப்புறம் சாயிலியின் மணிக்கட்டைப் பார்த்து, இது என்ன கயிறு தங்கச்சி என்று கேட்டாள்.

விருந்தாளியிடம் சொல்லக் கூடாது என்பது விதி. நாளைக்கு வீடே போகப் போகிறது, இனி விதி என்ன விதி என்று சாயிலி எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள். நானிஷோபா வீடு பறக்குமா என்று கேட்கவில்லை. அவள் கேட்டது வேறு.

"ராவு பூரா முழிச்சிருக்கியா?"

"ஆமா அக்கா. பழகிப்போச்சு."

"எனக்கும் அதேதான். கண்ணை மூடினா, அப்பாவைப் புரட்டணுமேன்னு தூக்கிப்போட்டுடும். இல்லாத மனுசன்னு மனசுக்குத் தெரியும். ஒடம்புக்குத் தெரிய மாட்டேங்குது."

சாயிலி அடுப்பில் ஒரு விறகை உள்ளே தள்ளினாள். பிறகு, மாட்டுக்குத் தண்ணி வைக்கிறேன் என்று சொல்கிற குரலில் சொன்னாள்:

"நான் எப்பிடியும் முழிச்சுத்தான் இருக்கப்போறேன். நீங்க படுங்க. ஒங்க அப்பாவை நான் பாத்துக்கறேன்."

நானிஷோபா அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். "ரெண்டு மணி நேரத்துக்கு ஒருதடவை புரட்டணும்" என்றாள்.

"புரட்டறேன்."

"எடது பக்கம் புண்ணு இருக்கு. மெதுவா."

"மெதுவாத்தான் புரட்டுவேன். படுங்க அக்கா."

அவள் படுத்தாள். அடுப்பில் அந்த விறகு பாதி எரிவதற்குள் மூச்சு மாறிவிட்டது. வீட்டுக்கு அடியில் அடைந்திருந்த கோழிகள்தான் முதலில் அறிந்தன. கத்திக்கொண்டு நாலா பக்கமும் சிதறி ஓடின. கயிறு தளர்ந்து சாயிலியின் மடியில் வந்து விழுந்தது. ஏணியின் கால்கள் அகலமாக விரிந்து முறிந்தன. சுவர் பழைய இடத்தைத் தேடி மெல்ல அசைந்து, பூட்டில் சாவி பொருந்துவதுபோல் உட்கார்ந்துகொண்டது. சாயிலி சொன்ன சொல் தவறாமல், இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை எழுந்து, ஆளில்லாத பக்கத்துப் படுக்கையில் கம்பளியை இடமும் வலமுமாகத் திருப்பி மடித்துப் போட்டாள். இடது பக்கம் வரும்போது மெதுவாகப் போட்டாள்.

காலையில் அரிவாளோடு வந்த ஜேட்டி, வாசலில் ஏணி இல்லாமலே நின்றாள். உள்ளே எட்டி, தூங்குகிறவளைப் பார்த்தாள். அப்புறம் அந்த அரிவாளைக் காட்டியே எல்லாரையும் அடக்கினாள். நாய்களைக் காட்டுப் பக்கம் ஓட்டினார்கள், மாவு மில்லை நிறுத்தினார்கள், பனிமலை பார்க்கக் கூப்பிட வந்த காஞ்சாவை, மலை எங்கேயும் போகாது, நீ போடா என்று விரட்டினார்கள். அப்போதுதான் ஊருக்கு விஷயம் பிடிபட்டது. தூங்குகிற பிள்ளையை முதுகில் போட்டுக்கொண்டு அந்தப் படிகளை ஏறாத பெண் யாங்ருவில் கிடையாது. விழித்திருக்கிற பிள்ளையைவிட அது இரண்டு மடங்கு கனம் என்று எல்லாருக்கும் தெரியும். கையில் வெண்ணெயை வைத்துக்கொண்டு நெய்க்கு அலைந்திருக்கிறோமே, ஆளைத் தேடினோமே ஒழிய தூக்கத்தைத் தேடவில்லையே என்று ஜேட்டி தலையில் அடித்துக்கொண்டாள். அடித்துக்கொண்டதும் சத்தமில்லாமல்தான்.

நானிஷோபா அன்று முழுக்கத் தூங்கினாள். வெயில் சாய்ந்தபோது எழுந்து உட்கார்ந்து, அப்பா, என்றாள்.

"நல்லாத் தூங்கறாரு. ஒரு தொந்தரவும் இல்ல" என்றாள் சாயிலி.

நானிஷோபா அழுதாள். துக்கத்து அழுகை இல்லை. சுமைக்கூடையை இறக்கியவள் விடுகிற பெருமூச்சைப் போன்ற ஒன்று. முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து, சாயிலியின் மணிக்கட்டிலிருந்த முடிச்சை அவிழ்த்துத் தன் கையில் கட்டிக்கொண்டாள்.

"இப்ப நான் முழிச்சாச்சு. நீ படு."

"எருமை கறக்கணும் அக்கா, விருந்தாளியை உக்கார வச்சுட்டு நான் எப்பிடி..."

"எருமையை அந்தத் தம்பி கறப்பான். படுங்கறேன்ல."

காஞ்சா கறந்தான். சாயிலி படுத்தாள். எத்தனையோ வருஷத்துத் தூக்கம், ஒன்றும் குறையாமல் அப்படியே வந்தது. வீடு இருந்த இடத்திலிருந்து மேலும் ஒரு விரற்கடை இறங்கி மண்ணில் பதிந்தது. தேவையே இல்லாத கயிற்றைப் பிடித்துக்கொண்டு நானிஷோபா பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். அவளுக்கு அது நிம்மதியாக இருந்தது.

அதன்பிறகு காஞ்சா சந்தையில் யாருடைய இடுப்பையும் பார்ப்பதில்லை, கண்ணுக்குக் கீழேதான் பார்க்கிறான். பரீட்சை முடிந்த மாணவர்கள், ராத்திரி பஸ் ஓட்டுகிறவர்கள், கைக்குழந்தைக்காரிகள் என்றால் அவனுக்குக் கொண்டாட்டம். நானிஷோபா வருஷத்துக்கு ஒரு தடவை வருகிறாள், அவளை வீட்டுக்கு வீடு கேட்கிறார்கள். சுபேதாரின் வீடு இலையுதிர்காலத்தில் எப்போதாவது முகட்டுக்கு மேலே தெரியும். ஆட்டுக்காரர்கள் கையாட்டுவார்கள்.

அந்த வருஷத் தசைனுக்கு ஓம்பகதூர் வந்தான். ராத்திரியெல்லாம் கண்கொட்டாமல் யாருடைய கட்டடத்தையோ காவல் காத்தவன். நெற்றிப் பொட்டு காய்வதற்குள், கையில் கறிச்சோற்றோடு, தட்டுக்கு முன்னால் உட்கார்ந்தபடியே தூங்கிவிட்டான். இரண்டாம் நாள் வாசற்படி மண்ணுக்குள் மறைந்தது. மூன்றாம் நாள் ஜேட்டி ஓடி வந்தாள்.

"அடியே, அவனை எழுப்பு! இன்னும் நாலு நாள் போனா ஜன்னல் வழியாத்தான் ஏறி வரணும் நீ!"

சாயிலி வாசலில் உட்கார்ந்து அவனுடைய சட்டைக்குப் பித்தான் தைத்துக்கொண்டிருந்தாள்.

"கொஞ்சம் போனாப் போகட்டும் அக்கா" என்றாள்.

இன்றைக்கும் அந்த வீட்டுக்குள் ஒரு படி இறங்கித்தான் போக வேண்டும். குளிருக்காக இப்படித் தாழ்வாகக் கட்டியிருக்கிறார்களா என்று விருந்தாளிகள் கேட்கிறார்கள். ஆமாம் சார், அதேதான் என்கிறான் காஞ்சா.