யாரும் எறியாத பந்து

"எங்க ஊருச் சுவரு இருக்கே, அது யாரும் எறியாத பந்தையும் திருப்பி அனுப்பும்!" என்றார் பழைய ஆட்டக்காரர் சோமின், ஆப்பிள் கள் கோப்பையை உயர்த்திப் பிடித்தபடி.

லெகுர்பே கிராமத்தில் இதைக் கேட்காத காது கிடையாது. கல்லறைத் தோட்டத்தில் படுத்திருப்பவர்கள்கூட ஒரு வார்த்தை பிசகாமல் ஒப்பிப்பார்கள். கள்ளுக்கடையில் இருந்த தலைகள் எல்லாம் ஆடின. ஆடாத தலை ஒன்றே ஒன்று. அது பலென்தினாவுடையது.

அவள் கள் குடிக்க வரவில்லை, சண்டைக்கு வந்திருந்தாள். ஊர்ப் பிள்ளைகளுக்குச் சுவர்ப் பந்தாட்டம் சொல்லித்தர நகரத்திலிருந்து வந்த டீச்சர் அவள். வாங்கிய சான்றிதழ்களைத் தைத்தால் மாதா கோயிலுக்கே திரைச்சீலை போடலாம். விசிலை ஊதினால் மூன்று மலைக்கு அப்பால் மேய்கிற ஆடுகள்கூட வரிசையில் நிற்கும். ஒரு கையில் பெயர்ப்பட்டியலும் மறு கையில் ஏழு வயது நகிகாரியின் மணிக்கட்டுமாக நின்றாள்.

"கதையெல்லாம் வேணாம். இந்தக் கையப் பாருங்க" என்று சிறுமியின் உள்ளங்கையை விரித்துக் காட்டினாள். சிவந்து, பன் ரொட்டி மாதிரி உப்பியிருந்தது. "இது தோல் பந்து பட்ட வீக்கம். பன்னிரண்டு வயசுக்கு முன்னாடி அதத் தொடவே கூடாதுன்னு தலதலையா அடிச்சிக்கிறேன். ஒளிஞ்சு ஒளிஞ்சு எறிஞ்சது நீங்கதானே?"

"நானா? என் தோள் போயி இருபது வருஷமாச்சு டீச்சர். கோப்பைய வாய்க்குத் தூக்கவே ரெண்டு பேரு வேணும்."

"அதுக்கு மட்டும் ஒத்தக் கையே போதும்" என்றாள் கடைக்காரி எர்ரமுனா.

பலென்தினாவுக்குச் சிரிப்பு வரவில்லை. பயிற்சியின் முதல் நாளே பந்து புருவத்தில் பட்டு நகிகாரிக்கு மூன்று தையல். அன்றிலிருந்து எது பறந்து வந்தாலும் கண்ணை இறுக மூடி முகத்தைத் திருப்பிக்கொள்வாள். பட்டுத்துணியை மிதக்கவிட்டுப் பார்த்தாள் டீச்சர். பிறகு பலூன், பிறகு பஞ்சுப் பந்து. எதுவும் பலிக்கவில்லை. ஒரு தடவை வண்ணத்துப்பூச்சிக்கே பயந்து தரையோடு தரையாகப் படுத்துவிட்டாள் சிறுமி. சோதனையில் ஐந்து பந்தில் மூன்றைப் பிடித்தால்தான் ஆட்டக் குழுவில் இடம். இரண்டு வருஷம் தவறிவிட்டாள், மூன்றாம் தடவையும் தவறினால் பட்டியலில் பெயரை அடித்துவிடுவார்கள். அவள் வகுப்பில் மொத்தம் ஏழு பேர். மற்ற ஆறு பேரும் குழுவில் இருந்தார்கள்.

இன்று மதியச் சோதனையில் ஐந்தையும் பிடித்தாள், கண்ணை அகலத் திறந்துகொண்டு.

"கடைசியாக் கேக்கறேன். உண்மையச் சொன்னாப் பேரு இருக்கும், பொய்யின்னா இப்பவே பேர அடிச்சிருவேன். யாருடி எறிஞ்சது?"

நகிகாரி கோயில் பக்கம் விரலை நீட்டினாள். "சுவருதான் டீச்சர். மணி அடிச்சப்புறம் வாங்க, காட்டறேன்."

மாலை ஜெப மணி அடித்தது. சதுக்கத்துச் சன்னல்கள் ஒன்றன்பின் ஒன்றாகச் சாத்திக்கொண்டன. குளிருக்காகத்தான் சாத்துகிறார்கள் என்று இரண்டு வருஷமாக நினைத்திருந்தாள் பலென்தினா. கோயிலின் பக்கச் சுவர் பாசியும் ஈரமுமாக நின்றது. நகிகாரி சுவருக்கு எதிரே இருந்த ஆட்டக் கோட்டில் போய் நின்று கண்ணை மூடினாள்.

டக்.

பந்து எங்கேயும் இல்லை. ஈரச் சுவரில் மட்டும், ஆள் மார்பு உயரத்தில், காய்ந்த வட்டம் ஒன்று விழுந்திருந்தது. ஆட்டுத்தோல் வாசனையும் புகையிலை வாசனையும் வந்தன.

டக். டக்.

"கண்ண மூடியிருந்தா ஒண்ணும் பண்ணாது டீச்சர். காத்திருக்கும்" என்றவள் கண்ணைத் திறந்தாள்.

பந்து வந்தது. தண்ணீருக்குள் வருவதுபோல அவ்வளவு மெதுவாக. அதை நெஞ்சோடு அணைத்துப் பிடித்து, சுவரை நோக்கி எறிந்தாள். போன பந்து திரும்பவில்லை, சுவருக்குள் போனது போனதுதான். மறுபடி டக். இந்தத் தடவை கொஞ்சம் வேகம். அடுத்தது இன்னும் கொஞ்சம். முதலில் பலூன் வேகம், பிறகு பஞ்சுப் பந்து, பிறகு ரப்பர். பயிற்சிக் கல்லூரியில் பலென்தினா நோட்டுப் புத்தகத்தில் எழுதிக்கொண்ட அதே வரிசை. எறிபவருக்கு வேலை தெரிந்திருந்தது. நேரமும் ஏராளமாக இருந்தது.

"தோல் பந்து ஏன்டி?"

"அவருகிட்ட வேற இல்ல போல."

"எவருகிட்ட?"

"கேட்டதில்ல டீச்சர். கேட்டாப் போயிருவாரோன்னு."

டக். இந்த முறை வட்டம் பலென்தினாவுக்கு நேரே விழுந்தது.

அத்தனை சான்றிதழ் வாங்கியவள் கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

இருட்டு. டக். டக். சுவருக்கு உள்பக்கம் யாரோ காலை மாற்றி மாற்றி வைக்கும் சத்தம். அங்கே கால் வைக்க இடமே கிடையாது, நான்கு முழத்துக்கு வெறும் கல்.

"பயப்படாதீங்க டீச்சர்" என்றது பக்கத்திலிருந்து சின்னக் குரல். "அவரு அவசரப்படுத்த மாட்டாரு. ஆனா விடவும் மாட்டாரு."

பத்து வருஷம் போல ஒரு நேரம் போனது. பலென்தினா கண்ணைத் திறந்தாள்.

கள்ளுக்கடைக்குத் திரும்பியபோது இடது கையைச் சால்வைக்குள் ஒளித்திருந்தாள். யாரையும் பார்க்காமல் பட்டியலை விரித்து, நகிகாரியின் பெயரைக் குழுவில் எழுதினாள். நகிகாரி எட்டிப் பார்த்துவிட்டு, ஒரு கூச்சலோடு வீட்டுக்கு ஓடினாள்.

"என்ன டீச்சர், எறிஞ்ச குத்தத்துக்கு என் தோளுக்கு விலங்கா?" என்றார் சோமின்.

"சும்மா இரும்யா" என்று எர்ரமுனா சால்வையை விலக்கினாள். உள்ளங்கை சிவந்து கிடந்தது. நடுவில் பந்தின் தையல் தடம், ஒவ்வொரு ஊசிக்குத்தும் எண்ணும்படியாக.

"நீங்களே எறிஞ்சு நீங்களே பிடிச்சீங்களோ?" என்று மூலையிலிருந்து ஒருவன் கேட்டான்.

பலென்தினா சோமினின் கோப்பையை எடுத்து ஒரே மடக்கில் காலி செய்தாள். "யாரும் எறியல" என்றாள். "ஆனா வந்துச்சு. ரெண்டு கண்ணாலயும் பாத்தேன், இந்தக் கையாலதான் பிடிச்சேன்."