தானாகச் சரியாகும் வீடு

நபோசாவின் வீட்டுக் கதவு கிரீச்சிட்டால் உகாண்டாவின் மசாகா ஊர் முழுக்கக் கேட்கும். பக்கத்து ஊர் ஆடுகள்கூட எழுந்து நிற்கும். அந்த வியாழக்கிழமை சர்ச்சிலிருந்து திரும்பி வந்து தள்ளினாள். கதவு சத்தமே இல்லாமல் திறந்தது. கிழவி பயந்துபோய் மறுபடி மூடித் திறந்து பார்த்தாள்.

போன வாரம், ஒழுகிய கூரை ஒழுகவில்லை. அதற்கு முந்தைய வாரம், செத்துக் கிடந்த ரேடியோ மரண அறிவிப்புகளைக் கணீரென்று வாசித்தது. அதில் தன் பெயர் இல்லை என்று உறுதிசெய்துகொண்டு, தன் உடம்பின் பள்ளம் பதிந்த நாற்காலியில் இஞ்சித் தேநீர் குடிப்பதுதான் அவளுக்குச் சொர்க்கம். அரசாங்கமே வந்து கேட்டாலும் அந்த நாற்காலியைத் தரமாட்டாள்.

ஆனால் இதையெல்லாம் சரிசெய்தது யார்? நானே செய்துவிட்டு மறந்துபோனேனா? கூரைமேல் ஏறியதையுமா?

வெளியே சொல்லவும் வழியில்லை. கம்பாலாவிலிருந்து மகள் நசூனா போனில் மிரட்டியிருந்தாள்: "உனக்கு ஞாபகம் தப்புதுன்னு தெரிஞ்சா அன்னைக்கே கூட்டிட்டு வந்துடுவேன்மா. பின்னாடி தனி ரூம் கட்டியாச்சு."

அடுத்த வியாழன், மறந்துவைத்த கண்ணாடிக்காகப் பாதி வழியில் திரும்பினாள். சமையலறையில் மலைபோல ஒரு முதுகு, அலமாரிக்கு ஆணி அடித்துக்கொண்டிருந்தது.

"யார்ரா அது?"

முதுகு அலறியது. சுத்தியல் பறந்தது. மறுநொடி வாழைக்காய்க் கூடை அவன் தலையில் கவிழ்ந்திருந்தது. "அத்தை, பாக்காதீங்க! நான்தான் லுத்தாயா!"

மாப்பிள்ளை! மாமியாரும் மருமகனும் முகம் பார்த்துக்கொள்வது அவர்கள் குலத்தில் விலக்கு; மீறினால் ஆயுசுக்கும் கைநடுக்கம் அல்லவா வரும்! நபோசா தோள்துணியால் முகத்தை மூடிக்கொண்டு சுவர்ப்பக்கம் திரும்பினாள்.

"இங்க என்ன வேலை மாப்பிள்ளை?"

"வாரா வாரம் வாழைக்காய் ஏத்த லாரியோட வரேன். நீங்க இல்லாத நேரமா பாத்து... அவகிட்ட சொல்லிடாதீங்க அத்தை. மாமியார் வீட்டுக்குள்ள நுழைஞ்சேன்னு தெரிஞ்சா என்னைத் தொலைச்சுடுவா."

"எனக்கு மூளை கலங்கிடுச்சுன்னு நானே நம்பிட்டேனே! சரி, நான் சொல்லல. அத்தைக்குப் புத்தி கத்தி மாதிரி இருக்காம், ஊரே சொல்லுதுன்னு நீங்க சொல்லணும்."

"பொய் சொல்லச் சொல்றீங்களே."

"அப்ப நான் அங்க வந்துடறேன். தினமும் கூடைக்குள்ளயே சாப்பிடுங்க."

கூடை மேலும் கீழும் ஆடியது. "கத்தி மாதிரின்னே சொல்றேன் அத்தை."

ஞாயிறன்று மகள் அழைத்தாள். "ரொம்பத் தெளிவா இருக்கியாமேம்மா! அப்ப அங்கேயே இரு. வீடெல்லாம் எப்படி?"

"அதுபாட்டுக்குத் தானா சரியாகிக்குது."

வியாழன் வந்தது. நபோசா நொண்டி முக்காலியைக் கூடத்தின் நடுவில் இழுத்துப் போட்டாள். ஒருமுறை பார்த்தாள். போதவில்லை என்று தோன்றியது. இன்னொரு காலையும் உதைத்து உடைத்துவிட்டு, சர்ச்சுக்குக் கிளம்பினாள்.