வணங்கிவிட்டுப் போகலாம்

சிஜுவாடே ஒகுன்லேயேவுக்கு அன்று காலைப் பிரச்சினை அரசியல் இல்லை, சட்டைக் கைதான். அக்பாடா அங்கியின் ஒரு கைக்குள் ஒரு குடும்பமே குடியிருக்கலாம். அதை மடித்துத் தோளில் போட்டுக்கொண்டால் அது அங்கேயே நிற்க வேண்டும், அதற்குத் தோளுக்குப் பழக்கம் வேண்டும். அவருடையதோ இருபத்தாறு வருஷம் லாகோஸ் வங்கி ஒன்றில் கோட்டுக்குள் அடங்கிக் கிடந்த தோள். மடிக்க மடிக்கச் சரிந்தது.

"ஆடாம நில்லுங்க," என்றாள் மனைவி மொஜிசோலா. "அவனவன் இதைப் போட்டுக்கிட்டு டான்ஸே ஆடறான். உங்களால நிக்கக்கூட முடியல."

"நான் என்ன கல்யாணத்துக்கா போறேன்? சட்டசபைக்குப் போறேன்."

"அங்கதான் ஆட்டம் ஜாஸ்தி."

கூடத்தில் உட்கார்ந்து அகாரா வடையை ஒன்றன்பின் ஒன்றாக உள்ளே தள்ளிக்கொண்டிருந்த லாசிசி இதைக் கேட்டுச் சிரித்தான். லாசிசி கட்சியின் மாவட்டச் செயலாளர். ஊரில் எந்த வீட்டில் எப்போது வடை சுடுகிறார்கள் என்பது வரை தெரிந்தவன்.

"அண்ணே, இதுக்குப் போய் இவ்வளவு டென்ஷனா? கவர்னர் பன்னெண்டு பேர் லிஸ்ட் அனுப்பியிருக்கார். சபையில எழுந்து நிப்பீங்க. 'கேள்வி வேண்டாம், வணங்கிட்டுப் போகலாம்'னு சொல்வாங்க. குனியணும், போகணும். அவ்வளவுதான். சாயங்காலம் நீங்க அமைச்சர்."

"எந்தத் துறைன்னு கேட்டா?"

"அது கவர்னருக்கே இன்னும் தெரியாதுண்ணே."

சிஜுவாடே சிரிக்கவில்லை. "நம்ம இலாமோ ஊர் உறுப்பினர் அந்தக் கேள்வியைக் கேப்பாருல்ல? சொல்லி வச்சேனே."

"ஒடெவாலேதானே? பேசிட்டேன். நீங்க கவலையே படாதீங்க," என்று சொல்லிவிட்டு லாசிசி அடுத்த வடையை எடுத்தான். அவன் முகத்தை அப்போதே கொஞ்சம் உற்றுப் பார்த்திருக்கலாம். அங்கியின் கை மறுபடியும் சரிந்ததில் சிஜுவாடேயின் கவனம் அங்கே போய்விட்டது.

அந்தக் கேள்விக்காகத்தான் அவர் இந்தப் பதவிக்கே ஒப்புக்கொண்டார். லாசிசிக்கு அது புரியாது, புரிந்தாலும் நம்ப மாட்டான்.

நான்கு வருஷத்துக்கு முன் ஒரு வியாழக்கிழமை மத்தியானம் இலாமோவில் வங்கிக் கிளையின் கதவை வெடிவைத்துத் தகர்த்துக் கொள்ளையடித்தார்கள். இரண்டு காவலாளிகள் வாசலிலேயே செத்தார்கள். அதே மாதத்தில் சுற்றுவட்டாரத்தில் இன்னும் மூன்று ஊர்களில் இதே கதை. லாகோசில் அவர் வங்கித் தலைமையகத்தின் ஒன்பதாவது மாடியில் ஒரு காகிதம் தயாரானது. பத்து ஊர்க் கிளைகளை 'மறு பரிசீலனை வரை' மூடுவது. அதில் கையெழுத்துப் போட்டவர் சிஜுவாடே. பத்தில் ஏழாவதாக இருந்த இலாமோ அவர் பிறந்த ஊர். மறு பரிசீலனை இன்றுவரை வரவில்லை. அந்த மாதிரி காகிதங்களில் அது வருவதே இல்லை என்பது எழுதினவர்களுக்கும் தெரியும்.

அதற்கப்புறம் இலாமோக்காரர்கள் பென்ஷன் எடுக்கவும் சம்பளம் எடுக்கவும் செவ்வாய்க்கிழமை விடியற்காலை வேன் பிடித்து இரண்டு மலை தாண்டி வேறு ஊருக்குப் போனார்கள். வெயிலில் நின்று, வாங்கினதை இடுப்பில் முடிந்துகொண்டு, இருட்டுவதற்குள் திரும்பினார்கள். இரண்டு வருஷத்துக்கு முன் அப்படித் திரும்பும்போது ஒருநாள் வேன் மலை வளைவில் உருண்டது. தபால் ஆபீசில் முப்பது வருஷம் வேலை பார்த்தவர், பிள்ளை பேரை வைத்துப் போலான்லேயின் அப்பா என்றே ஊர் கூப்பிடும் மனிதர், அதில் போய்ச் சேர்ந்தார்.

இதெல்லாம் சிஜுவாடேக்குப் பெரியப்பா சாவுக்கு ஊருக்குப் போனபோதுதான் முழுசாகத் தெரிந்தது. எங்கள் பக்கத்தில் எதற்கும் ஒரு வாழ்த்து உண்டு. உட்கார்ந்திருப்பவருக்கு ஒன்று, வேலை செய்பவருக்கு ஒன்று, பயணத்தில் இருப்பவருக்கு ஒன்று, மழையில் நனைந்து வந்தவருக்குக்கூட ஒன்று. வாழ்த்துச் சொல்லாமல் ஒரு மனிதனைக் கடந்து போவது அறைவதைவிட மோசம். அன்று சாவு வீட்டில் அவரை எல்லோரும் கடந்து போனார்கள். அவர் சொன்ன வாழ்த்துகள் அப்படியே காற்றில் நின்றன. சோறு போட்டார்கள், பேச்சுக் கொடுக்கவில்லை.

கடைசியில் அவர் வேன் விபத்தில் புருஷனைப் பறிகொடுத்த போலான்லேயின் அம்மா வீட்டுக்குப் போய், முற்றத்தில் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார். வெள்ளைச் சட்டை முழுக்கச் செம்மண்.

அந்த அம்மாள் மிளகாய் அரைத்துக்கொண்டிருந்தாள். கையை நிறுத்தவில்லை.

"எந்திரி, எந்திரி. எலக்சன் வந்தா இந்த முற்றத்துல விழாதவன் யாரு? இந்த மண்ணுக்கு நெஞ்சு ஒண்ணும் புதுசில்ல."

"அம்மா, நான் ஓட்டுக்கு வரல."

"அப்ப எதுக்கு வந்த?"

அவர் எழுந்தார். அவள் அம்மியை விட்டு நிமிர்ந்தாள்.

"விழறது ஈசி. ஒண்ணு கேக்கறேன், அதைச் சொல்லு. கையெழுத்துப் போடறதுக்கு முன்னாடி எங்கள்ல ஒருத்தரை, ஒரே ஒருத்தரைக் கேட்டியா? எப்படிப் போவீங்க, எப்படி வருவீங்கன்னு?"

சிஜுவாடே மண்ணைத் தட்டிக்கொண்டு நின்றார். ஆயிரம் பேர் இருந்த கூட்டங்களில் நிறுத்தாமல் பேசியவர். வாய்க்குள் ஏதோ முணுமுணுத்தார்.

"இங்க முணுமுணுக்காத. உனக்குப் பதில் வந்தா நாலு பேர் முன்னாடி சொல்லு. எங்க சொல்றியோ அங்க நான் வரேன்," என்று சொல்லிவிட்டு அவள் மறுபடி அம்மியைப் பிடித்தாள்.

மூன்று மாதம் கழித்து கவர்னர் கூப்பிட்டபோது, வங்கியை விட்டு வர அவர் ஒரு நிமிஷம்கூட யோசிக்கவில்லை. லாகோஸ் நண்பர்கள் புத்தி பிசகிவிட்டது என்றார்கள். சட்டசபையில் நாலு பேர் என்ன, நாற்பது பேர் இருப்பார்கள், சொல்வதை எழுதி வைப்பார்கள் என்பதுதான் அவர் கணக்கு. இலாமோவுக்கு ஆள் விட்டுச் சொல்லியனுப்பினார். வருகிறேன் என்று அந்த அம்மாளிடமிருந்து ஒற்றை வார்த்தையில் பதில் வந்தது.

சட்டசபை வாசலில் திருவிழாக் கூட்டம். ஒவ்வொருவரின் ஆட்களும் ஒரே துணியில் தைத்துப் போட்டுக்கொண்டு வந்திருந்தார்கள். ஒரு பக்கம் பச்சைக் கூட்டம், ஒரு பக்கம் ஊதாக் கூட்டம். பேசுவது போலவே ஒலிக்கும் மேளத்தோடு மேளக்காரர்கள் உள்ளே போகிறவர்களின் தாத்தா பேரைச் சொல்லி அடித்துக் காசுக்குக் கை நீட்டிக்கொண்டிருந்தார்கள். சிஜுவாடேக்கு என்று ஒரே துணியில் யாரும் வரவில்லை.

உள்ளே போனதும் மேல்மாடத்தைப் பார்த்தார். இடப்பக்கம் கடைசி வரிசையில் இலாமோப் பெண்கள் பதினைந்து பேர், ஆளுக்கொரு துணியில். நடுவில் போலான்லேயின் அம்மா. பக்கத்து நாற்காலியில் தன் துணிப்பையை வைத்திருந்தாள். இடமில்லாமல் நாலைந்து பேர் நின்றுகொண்டிருந்தும் அவள் பையை எடுக்கவில்லை.

வேலை மளமளவென்று நடந்தது. முதலில் நின்றவர் முன்னாள் உறுப்பினர்.

"நம்ம ஆள்தானே! வணங்கிட்டுப் போகலாம்!" என்று பத்துக் குரல். குனிந்தார், போனார். அடுத்தவர் சபாநாயகரின் பள்ளித் தோழர். குனிந்தார், போனார். மூன்றாவதாக நின்ற அம்மாளிடம் ஒருவர், எத்தனை பிள்ளைகள் என்று கேட்டார். நாலு என்றாள். சபை கைதட்டியது. அவளும் குனிந்து போனாள்.

"ஒகுன்லேயே, சிஜுவாடே."

எழுந்து நின்றார். அங்கிக் கை சரிந்தது, ஏற்றிவிட்டுக்கொண்டார். இலாமோ உறுப்பினர் ஒடெவாலே எழுந்தார். கேள்வி வரட்டும் என்று நினைத்தார் சிஜுவாடே.

"மாண்புமிகு சபாநாயகர் அவர்களே! இவர் எங்க ஊர்ப் பிள்ளை. பெரிய வங்கியில பெரிய பதவியில இருந்தவர். இவரைக் கேள்வி கேக்கற யோக்கியதை இங்க எனக்கு இல்ல. அதனால, வணங்கிட்டுப் போகலாம்னு முன்மொழிகிறேன்!"

"வணங்கிட்டுப் போகலாம்! வணங்கிட்டுப் போகலாம்!"

பக்கவாட்டில் நின்ற லாசிசி கண்ணைச் சிமிட்டினான். பேசிட்டேன் என்று அவன் சொன்னது இதைத்தான். அவன் அன்பில்தான் செய்தான், அதைச் சொல்லியே ஆக வேண்டும். நல்ல மனிதனை ஒரு சங்கடத்திலிருந்து காப்பாற்றிவிட்டோம் என்று அவனுக்கு அவ்வளவு பெருமை.

என்ன கொடுமை என்றால், சிஜுவாடே குனிந்துவிட்டார். இருபத்தாறு வருஷமாகச் சரி சார், சரி மேடம் என்றே பழகிய உடம்பு. பெரிய நாற்காலியிலிருந்து சொன்னார்கள், முதுகு தானாக வளைந்தது. நிமிர்ந்தபோது மேலே போலான்லேயின் அம்மா துணிப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டு எழுந்துவிட்டிருந்தாள். அவள் முகத்தில் கோபம்கூட இல்லை. இது எனக்குத் தெரிந்ததுதானே என்கிற சலிப்பு மட்டும். அவருக்கு வெட்கத்தில் காது கொதித்தது.

"போகலாம்," என்றார் சபாநாயகர், அடுத்த காகிதத்தைப் புரட்டிக்கொண்டே.

"ஐயா, வணங்கிட்டேன். போகல."

சபாநாயகர் நிமிர்ந்தார். "என்ன?"

"ஒரு கேள்விக்குப் பதில் சொல்லிட்டுப் போறேன்."

"யாரும் உங்களை ஒண்ணும் கேக்கலையே!"

"அதாங்கய்யா குறை."

சிரிப்பு கிளம்பியது. சபாநாயகர் சுத்தியலைத் தட்டினார். "விதிப்படி உறுப்பினர் கேட்டாத்தான் நீங்க பேசலாம். யாராவது கேக்கறீங்களா?"

யாரும் அசையவில்லை. ஒடெவாலே தன் தொப்பியைச் சரிசெய்வதில் மும்முரமாக இருந்தார். கடைசி வரிசையில், எதிர்க்கட்சிக் கிழவர் ஒருவர் அதுவரை கண்ணை மூடியிருந்தார். ஒரு கண்ணை மட்டும் திறந்தார்.

"நான் கேக்கறேம்பா. பசிக்குது. அவரு என்ன கேள்வி வேணுங்கறாரோ அதையே நான் கேட்டதா எழுதிக்கங்க."

சபை கொல்லென்று சிரித்தது. சிஜுவாடே அந்தக் கிழவரைப் பார்த்து மனமாரக் கையெடுத்துக் கும்பிட்டார். மேல்மாடத்தில் அந்த அம்மாள் நின்ற இடத்திலேயே நின்றாள்.

"நாலு வருஷத்துக்கு முன்னாடி பத்து ஊர்ல வங்கியை மூடினது நான். இலாமோவும் அதுல ஒண்ணு. மூடறதுக்கு முன்னாடி அந்த ஊர்க்காரங்க ஒருத்தரையாவது கேட்டியான்னு என்னைக் கேட்டாங்க. கேக்கல. ஒருத்தரைக்கூடக் கேக்கல."

சிரிப்பு நின்றது.

"கொள்ளைக்குப் பயந்து மூடினோம்னு சொல்லலாம். பாதி நிஜம். மீதி என்னன்னா, அந்த லிஸ்ட்ல என் ஊர்ப் பேரை நான் பாத்தேன். பேனாவை வச்சுட்டு ஒரு போன் பண்ணியிருக்கலாம். சொந்த ஊருக்குச் சலுகை காட்டறான்னு மேல இருக்கறவங்க சொல்லுவாங்களோன்னு பயம். என் நல்ல பேரைக் காப்பாத்திக்கத்தான் கையெழுத்துப் போட்டேன். அதுக்கப்புறம் அந்த ரோட்டுல போலான்லேயோட அப்பா செத்துட்டார். இதான் என் பதில். இதைக் கேட்டுட்டு என்னை அமைச்சராக்கணுமா வேண்டாமான்னு நீங்க முடிவு பண்ணுங்க."

அங்கிக் கை சரிந்து தரையில் புரண்டது. அவர் அதை எடுக்கவில்லை.

அதுவரை பூனையாக இருந்த ஒடெவாலேக்கு இப்போது வீரம் வந்துவிட்டது. இப்படிப்பட்டவரை எப்படி ஏற்பது, என் தொகுதி மக்கள் என்று கை ஓங்கி முழங்கினார். இன்னும் நாலு பேர் சேர்ந்துகொண்டார்கள். பதினொரு பேரை ஏற்று, சிஜுவாடேயின் பெயரை மட்டும் தேதி சொல்லாமல் தள்ளி வைத்தார்கள்.

வாசலில் லாசிசி தலையில் கை வைத்துக்கொண்டான். "கைக்கு வந்ததைக் கவுத்துட்டீங்களேண்ணே! கவர்னருக்கு நான் என்ன பதில் சொல்லுவேன்?"

"நடந்ததைச் சொல்லு."

"அதைச் சொல்லித்தான் நீங்க இந்தக் கதியில நிக்கறீங்க!"

கூட வந்திருந்த மொஜிசோலா அங்கிக் கையை எடுத்து மடித்துத் தோளில் போட்டாள். அந்த நேரம் பார்த்து அது சரியாமல் நின்றது. கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இப்பத்தான் நிக்க வருது உங்களுக்கு," என்றாள்.

இலாமோப் பெண்கள் படியிறங்கி வந்தார்கள். போலான்லேயின் அம்மா அவருக்கு நேராக வந்து நின்றாள். அவர் விழப் போனார். அவள் கையைப் பிடித்துத் தடுத்தாள்.

"மன்னிச்சேன்னு நான் சொல்லல."

"தெரியும்மா."

"வேலையும் போச்சு, பதவியும் போச்சு. செவ்வாய்க்கிழமை சும்மாதானே இருப்ப?"

"ஆமாம்மா."

"அஞ்சு மணிக்கு வேன். லேட்டா வந்தா நிக்காது."

செவ்வாய்க்கிழமை நாலரைக்கே அவர் இலாமோவில் போய் நின்றுவிட்டார். அங்கி இல்லை, கோட்டும் இல்லை, ஒரு சாதாரணச் சட்டை. வேன் வந்தபோது அநேகமாக நிரம்பியிருந்தது. ஏறி உள்ளே பார்த்தார். மூன்றாவது வரிசையில் போலான்லேயின் அம்மா. அவள் பக்கத்தில் ஜன்னலோர இருக்கையில் அந்தத் துணிப்பை. வேறு இடமே இல்லை. அவள் புருஷன் போனதிலிருந்து இரண்டு வருஷமாக அந்த இடத்தில் யாரும் உட்கார்ந்ததில்லை என்று எல்லோருக்கும் தெரியும், அவருக்கு அந்தக் கணத்தில்தான் தெரிந்தது. திரும்பி இறங்கப் போனார்.

"எங்க போற?" என்றாள் அவள்.

பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, முழங்காலை ஒதுக்கி வழிவிட்டாள். அவர் ஜன்னலோரம் போய் உட்கார்ந்தார். வேன் கிளம்பியது. பின் வரிசையிலிருந்து ஒருத்தி பயணத்துக்கு உண்டான வாழ்த்தை அவர் பெயரோடு சேர்த்துச் சொன்னாள். பிறகு இன்னொருத்தி சொன்னாள். முதல் மலை வருவதற்குள் எல்லோரும் சொல்லி முடித்திருந்தார்கள்.